எட்டணா முடிச்சு

பெண்கள் உடையின் சரித்திரத்தை எழுதுகிறவர்கள் புடவையை முழம் போட்டு அளக்கிறார்கள். அவள் காசை எங்கே செருகியிருந்தாள் என்று பார்த்தாலே போதும் என்பது என் கட்சி. சாட்சி, சரோஜினி நகர் பெரியம்மா.

1960 வாக்கில் கும்பகோணத்திலிருந்து குமாஸ்தா மனைவியாக தில்லியில் வந்து இறங்கினாள். விநய் நகராக இருந்த அரசாங்கக் குவார்ட்டர்ஸுக்கு வந்து ஒட்டிக்கொண்ட பெயர், உப்புச் சத்தியாக்கிரகத்தில் ஜெயிலுக்குப் போய் 1947-இல் கவர்னரும் ஆன சரோஜினி நாயுடுவுடையது. பெரியம்மாவின் ராஜ்யமோ முந்தானை முடிச்சிலிருந்த எட்டணாவோடு சரி. அதற்கும் பெரியப்பா சாயங்காலம் கணக்குக் கேட்பார். ஜனவரிக் குளிரில் ஒன்பது கஜத்துக்கு மேல் அவருடைய பழைய ஸ்வெட்டர். காலில் சாக்ஸ், அதன்மேல் ரப்பர் செருப்பு. செருப்பு வாருக்கு வழிவிட்டு, கட்டைவிரலோரம் சாக்ஸ் பள்ளமாகக் குழிந்திருக்கும். பாரிஸ்காரனுக்குத் தோன்றாத ஃபேஷன்.

சம்பாதிக்கிற பெண் என்றால் அரசாங்கத்துக்கே உதறல். 1951-இல் ஐ.ஏ.எஸ். ஆன அன்னா ராஜத்திடம், கல்யாணம் ஆனால் வேலை போகும் என்று நிபந்தனை போட்டார்கள். விதி பிற்பாடு மாறியது. அவர் மணந்த மல்ஹோத்ரா ரிசர்வ் வங்கி கவர்னராகி ரூபாய் நோட்டிலேயே கையெழுத்துப் போட்டார்! வெளியுறவுத் துறையிலோ, கழுத்தை நீட்டுமுன் பெண் அதிகாரி எழுத்தில் அனுமதி வாங்கவேண்டியிருந்தது. அந்தத் துறை அதிகாரி முத்தம்மா வழக்குப் போட, 1979-இல் நீதிபதி கிருஷ்ணய்யர் அந்த விதியை வெளுத்து வாங்கினார்.

பெரியம்மாவின் பெண் ஸ்டெனோ ஆனாள். காசு ஹாண்ட்பேக்குக்கு ஏறியது. கூடவே ஒரு பெரிய ஊக்கு. புடவைக்கென்று நினைத்தேன். பஸ்ஸில் உரசுகிறவன் தொடைக்காம். நிற்காத டி.டி.சி. பஸ்ஸில் தொற்றி ஏறியே அவள் சல்வாருக்கு மாறினாள். பெரியப்பா இரண்டு நாள் பேசவில்லை. சம்பள நாளன்று பேசினார்.

இப்போது பேத்தி. திருப்பூரில் தைத்து ஐரோப்பாவுக்குப் போகவேண்டிய பனியன், ஒரு தையல் பிசகினால், லேபிளை அறுத்துக்கொண்டு சரோஜினி நகர் மார்க்கெட்டில் குவியலாகக் கிடக்கும். பக்கத்துக் குவியலில் முழங்கைவரை கையை விட்டுத் துழாவி ஒரு ஜீன்ஸை உருவினாள். ஐந்நூறை இருநூறாக்கியது பெரியம்மா; ஹிந்தி பாதி, முறைப்பு பாதி. பிறகு பாக்கெட்டில் இரண்டு விரலை விட்டுப் பார்த்தாள். நகம்தான் மறைந்தது.

"ஏண்டி, இதுல எட்டணாகூட நிக்காது போலிருக்கே?"

பேத்தி போனை நீட்டி ஸ்கேன் செய்தாள். டிங்.

பெரியம்மா கொஞ்ச நேரம் போனையே பார்த்தாள். "சாயங்காலம் இதுக்கு யாருடி கணக்குக் கேப்பா?"