தேடல் பெட்டி சமூகத்துக்கு ஒரு பிராது

அனுப்புநர்: ஐந்து சென்ட் மனை வாங்க ஆசைப்படும் ஒரு குடிமகன்.

பெறுநர்: மாவட்ட நீதிமன்றங்களின் இணையத் தேடல் பெட்டி அவர்கள். (பொறுப்பதிகாரியின் பெயரும் அறை எண்ணும் அகப்படவில்லை.)

பொருள்: மனையின் மேல் வழக்கு உண்டா என அறிதல் – ‘பதிவு ஏதும் கிடைக்கவில்லை’ எனத் தாங்கள் அளிக்கும் பதில் – விளக்கம் கோருதல் – தொடர்பாக.

பார்வை: சொத்து மாற்றுச் சட்டம், 1882, பிரிவு 52.

கனம் தேடல் பெட்டி அவர்கள் சமூகத்துக்கு மனுதாரர் பணிந்து தெரிவித்துக்கொள்வது:

முதலில் நன்றி. முன்பெல்லாம் அடுத்த வாய்தா என்றைக்கு என்று தெரிந்துகொள்ள வக்கீல் குமாஸ்தாவைப் பிடிக்க வேண்டும். ஆபீசில் கேட்டால் கோர்ட்டுக்குப் போயிருக்கிறார் என்பார்கள். கோர்ட்டில் கேட்டால் இப்போதுதான் ஆபீசுக்குக் கிளம்பினார் என்பார்கள். தங்கள் புண்ணியத்தில் அந்த அலைச்சல் ஒழிந்தது. மின்நீதிமன்றத் திட்டம் 2007இல் தொடங்கி, 2015இல் இரண்டாம் கட்டம் கண்டு, 2023 செப்டம்பரில் மூன்றாம் கட்டத்துக்கு 7,210 கோடி ரூபாய் ஒப்புதலும் பெற்றிருக்கிறது. சி.என்.ஆர். எனப்படும் பதினாறு இலக்க எண்ணைக் கையில் வைத்திருப்பவர், வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்தபடியே தன் வழக்கு இன்னும் முடியவில்லை என்பதை உடனுக்குடன் அறிந்துகொள்ளலாம்.

மனுதாரரின் சங்கடம் என்னவென்றால், அவரிடம் எண் கிடையாது. அவர் வாதியும் அல்ல, பிரதிவாதியும் அல்ல. இனிமேல் ஆகிவிடக் கூடாதே என்பதுதான் அவர் கவலை.

பார்வையில் கண்ட பிரிவு 52 சொல்வதைத் தாங்கள் அறிவீர்கள். ஒரு நிலத்தின் உரிமை பற்றி வழக்கு நடக்கும்போது அதை ஒருவர் வாங்கினால், அந்த வழக்கின் தீர்ப்பு வாங்கியவரையும் கட்டுப்படுத்தும். வழக்கு இருப்பது அவருக்குத் தெரியுமா தெரியாதா என்று சட்டம் கேட்பதில்லை. ‘எனக்குத் தெரியாதுங்க’ என்று கூண்டில் நின்று அழுதாலும், தெரியாமல் வாங்கியதற்காகத் தீர்ப்பு மாறாது. ஆகவே வாங்குவதற்கு முன்னால் தெரிந்துகொள்வதே புத்தி என்று பெரியவர்கள் சொன்னார்கள். சார்பதிவாளர் அலுவலகத்தில் வில்லங்கச் சான்று வாங்கினால், அதில் கிரயம், அடமானம், செட்டில்மெண்ட் எல்லாம் வரும். பக்கத்துத் தெரு முன்சீப் கோர்ட்டில் நிலுவையில் இருக்கும் பாகப்பிரிவினை வழக்கு மட்டும் பொதுவாக வராது. அதற்குத்தான் தங்களை நாடினோம்.

தாங்கள் மனமுவந்து பல கதவுகளைத் திறந்துவைத்திருக்கிறீர்கள். வழக்கு எண்ணால் தேடலாம். தாக்கல் எண்ணால், கட்சிக்காரர் பெயரால், வக்கீல் பெயரால், எஃப்.ஐ.ஆர். எண்ணால், சட்டத்தின் பெயரால், வழக்கின் வகையால் தேடலாம். நிலத்தின் சர்வே எண்ணால் மட்டும் தேட முடியாது. பட்டாவில் இருப்பது சர்வே எண். கிரயப் பத்திரத்தில் இருப்பதும் அதுவே. பிராதின் கடைசிப் பக்கத்தில் சொத்து விவரத்தில் எழுதுவதும் அதுவே. சண்டை முழுக்க அந்த எண்ணைப் பற்றித்தான். அந்த எண்ணை மட்டும் தங்களிடம் சொல்லக் கூடாது.

சரி, பெயராலேயே தேடுவோம். விற்பவர் பெயர் பழனியப்பன் என்று வைத்துக்கொள்வோம். பதிவுகளில் பெயர்கள் பெரும்பாலும் ஆங்கில எழுத்தில் கிடக்கின்றன. ழகரத்துக்கு இசட் ஹெச் போட்டார்களா, வெறும் எல் போட்டார்களா? நடுவில் ஒய் உண்டா, ஐயோடு முடித்துக்கொண்டார்களா? பி ஒன்றா, இரண்டா? இனிஷியல் முன்னாலா, பின்னாலா, புள்ளி வைத்தா, இடைவெளி விட்டா? பதிவேற்றியவர் அன்றைக்கு எந்த மனநிலையில் தட்டினாரோ, அதே மனநிலைக்கு மனுதாரரும் வந்து சேர வேண்டும். ‘முதல் மூன்றெழுத்து போட்டாலே போதுமே’ என்று தாங்கள் கருணை காட்டுகிறீர்கள். போட்டோம். பழனி, பழனிவேல், பழனிச்சாமி, பழனியம்மாள் என்று தாலுகாவே திரண்டு வந்து நிற்கிறது.

அடுத்து ஆண்டு. பெயரால் தேடுகிறவர் எந்த ஆண்டு என்று சொல்லியே தீர வேண்டும். வழக்கே இருக்கிறதா என்று தெரியாதவனிடம், அது எந்த ஆண்டு வழக்கு என்று கேட்கிறீர்கள். கடன் தரும் வங்கியின் வக்கீல் முப்பது வருட வில்லங்கம் பார்க்கச் சொல்வது ஊர் வழக்கம். 30 ஆண்டு, மூலப்பத்திரத்திலிருந்து இன்றுவரை நிலம் கைமாறிய 5 பேர், ஆளுக்கு 4 எழுத்துக்கூட்டல். பெருக்கினால் 600 தேடல். ஒவ்வொரு தேடலுக்கும் ஒரு கேப்சா. கோணல்மாணலாக நிற்கும் எழுத்துகளைப் படித்து, நான் மனிதன்தான் என்று 600 முறை மெய்ப்பிக்க வேண்டும். கொலை வழக்கில் கூண்டேறும் சாட்சிக்குக்கூட ஒரே ஒரு பிரமாணம்தான் ஐயா.

எந்த மாவட்டம் என்பதிலும் தங்கள் சோதனை உண்டு. நில வழக்கை நிலம் இருக்கும் இடத்து நீதிமன்றத்தில்தான் போட வேண்டும் என்பது உரிமையியல் நடைமுறைச் சட்டம், பிரிவு 16. நிலம் நகராது. மாவட்டம் நகரும். 2019இல் திருநெல்வேலியிலிருந்து தென்காசியும், விழுப்புரத்திலிருந்து கள்ளக்குறிச்சியும், காஞ்சிபுரத்திலிருந்து செங்கல்பட்டும் பிரிந்தன; வேலூர் மூன்றானது. கலெக்டர் ஆபீசுக்குப் பலகை மாட்டிய அன்றே கோர்ட்டுக் கட்டுகளும் லாரி ஏறிவிடுவதில்லை. பழைய மாவட்டத்தில் பிறந்து புதிய மாவட்டத்தில் வளரும் வழக்கை எந்தப் பட்டியலில் தேடுவது என்பது தேடுகிறவரின் ஜாதக பலன்.

நிலுவையில் உள்ளதா, முடிந்துவிட்டதா என்றும் கேட்கிறீர்கள். இந்த இடத்தில் தங்களுக்கும் சட்டத்துக்கும் சிறு மனத்தாங்கல். பிரிவு 52இன் விளக்கப்படி, பிராது தாக்கலான நாளிலேயே வழக்கு நிலுவைக்கு வந்துவிடுகிறது. தீர்ப்பாணை முழுதாக நிறைவேறும்வரை அந்த நிலுவை தீர்வதில்லை. தாங்களோ தீர்ப்பு வந்ததும் ‘முடிந்தது’ என்று எழுதிவிடுகிறீர்கள். முடிந்துபோன அந்த வழக்கின் தீர்ப்பாணையை நிறைவேற்ற 12 ஆண்டு அவகாசம் உண்டு. முன்பக்கமும் அப்படியே. தாக்கல் ஆகி, ஏதோ குறை என்று ரிட்டர்ன் ஆகி, திருத்தி மறுபடி போட்டு, நம்பர் ஆவதற்குள் மாதக்கணக்கு ஓடுகிறது. அந்த இடைவெளியில் அதைக் கண்டுபிடிக்கத் தாக்கல் எண் வேண்டும். அது வழக்குப் போட்டவரின் வக்கீல் கட்டில் பத்திரமாக இருக்கிறது.

இத்தனையும் தாண்டி ஒரு பழனியப்பன் அகப்பட்டார் என்று வைத்துக்கொள்வோம். அசல் வழக்கு, எண் உண்டு, ஆண்டு உண்டு. வாய்தா தேதிகள் வரிசையாக நிற்கின்றன. தேதியைத் தொட்டால் அன்றைய நடவடிக்கை திறக்கிறது: ‘பேட்டா கட்டவில்லை’, ‘எதிருரைக்காக’, ‘கால் ஆன்’. எல்லாம் சரி, இந்த வழக்கு எந்த நிலத்தைப் பற்றியது? அது மட்டும் அங்கே இல்லை. சொத்து விவரம் பிராதில் இருக்கிறது. பிராது கட்டுக்குள் இருக்கிறது. கட்டு பீரோவுக்குள் இருக்கிறது. பார்க்க வேண்டுமானால் நகல் மனு போட வேண்டும். வழக்கில் சம்பந்தப்படாதவரானால் ஏன் வேண்டும் என்று பிரமாணப் பத்திரமும் கொடுக்க வேண்டும். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் குறுக்கு வழியும் இல்லை. உயர் நீதிமன்ற விதிகள் நகலுக்கு வழி சொல்லியிருக்கையில் அந்த வழியில்தான் வர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020இல், குஜராத் உயர் நீதிமன்றம் தொடர்பான வழக்கில் சொல்லிவிட்டது. ஆக, அந்த வழக்கு என் மனையைப் பற்றியதா என்று தெரிந்துகொள்ள, அது என் மனையைப் பற்றியது என்று நான் முதலில் சத்தியம் செய்ய வேண்டும்.

இதற்கிடையே, கேட்காத வரங்களைத் தாங்கள் வாரி வழங்குவதையும் சொல்லாமல் இருக்கக் கூடாது. ஒரு பெயரைத் தட்டியதில் எந்தப் பழனியப்பனின் காசோலை திரும்பியது, எந்தப் பழனியப்பன் விபத்து இழப்பீடு கேட்டு நிற்கிறார், எவர் மேல் அடிதடி வழக்கு என்பதெல்லாம் தெரிந்துபோயிற்று. இவர்களில் யாரும் மனுதாரருக்கு ஒரு அடி நிலம் விற்கவில்லை. ஆளைத் தேடினால் அந்தரங்கம் கெடும் என்பதுதான் தேடலைக் கடினமாக வைப்பதற்கான நியாயம் என்றால், மனுதாரருக்கு முழுச் சம்மதம். அவர் கேட்பது ஆளை அல்ல, மண்ணை. மண்ணுக்கு மானக்கேடு கிடையாது. சர்வே எண்ணால் தேடவிட்டால் நிலம் தெரியும், ஊரார் மானம் தப்பும். தாங்கள் நடைமுறைப்படுத்தியிருப்பது நேர் தலைகீழ்.

முன்னுதாரணம் இல்லாததையும் மனுதாரர் கேட்கவில்லை. 1939இலேயே பம்பாய் மாகாணம் பிரிவு 52ஐத் திருத்தியது. வழக்கைப் பற்றிய அறிவிப்பைப் பத்திரப்பதிவில் பதிந்தால்தான் அது வாங்குபவரைக் கட்டுப்படுத்தும் என்பது திருத்தம். கணினி கண்ணில் படாத காலம் அது. பேனாவும் மைக்கூடும் வைத்துக்கொண்டு அவர்கள் முடித்த வேலை, 7,210 கோடிக்குப் பின்னும் நம் ஊருக்கு வந்துசேரவில்லை.

கடைசியாக அந்தப் பதில். ‘பதிவு ஏதும் கிடைக்கவில்லை.’ இதற்குள் குறைந்தது நான்கு செய்திகள் குடியிருக்கின்றன. வழக்கே இல்லை. வழக்கு உண்டு, எழுத்துக்கூட்டல் பொருந்தவில்லை. வழக்கு உண்டு, இன்னும் நம்பர் ஆகவில்லை. வழக்கு உண்டு, இன்னும் ஏற்றப்படவில்லை. முதலாவது என்று நம்பினால் மனுதாரர் முன்பணம் கொடுப்பார். மற்ற மூன்றில் எதுவாக இருந்தாலும் வாழ்நாள் சேமிப்பு போகும். நான்குக்கும் ஒரே முகத்தோடு ஒரே வாசகத்தைச் சொல்கிறீர்கள். கூடவே, தகவல் பிழையானாலும் தாமதமானாலும் நீதிமன்றமோ தேசியத் தகவலியல் மையமோ உச்ச நீதிமன்றத்தின் மின்குழுவோ பொறுப்பல்ல என்று ஒரு பொறுப்புத் துறப்பும் போட்டிருக்கிறீர்கள். தெரியாமல் இருந்ததற்கு வாங்கியவர் பொறுப்பு. தெரிவிக்காமல் இருந்ததற்கு யாரும் பொறுப்பில்லை.

ஆகவே கனம் தேடல் பெட்டி அவர்கள் சமூகம் அருள்கூர்ந்து,

அ) கிராமமும் சர்வே எண்ணும் கொடுத்துத் தேடும் கதவு ஒன்றைத் திறக்கும்படியும்,

ஆ) நில வழக்குகளில் சொத்து விவரத்தை மட்டுமாவது எல்லோரும் காணும்படி வைக்கும்படியும்,

இ) தாக்கலான பிராதை, நம்பர் ஆகும்வரை காத்திராமல், அன்றே அந்தச் சர்வே எண்ணுக்கு எதிரே காட்டும்படியும்,

ஈ) மேற்படி மூன்றும் இயலாது எனில், ‘பதிவு ஏதும் கிடைக்கவில்லை’ என்ற வாசகத்தைத் தேதியிட்டு, கையொப்பமும் கோபுர முத்திரையும் வைத்து மனுதாரருக்கு வழங்கும்படியும்

உத்தரவிடப் பிரார்த்திக்கிறார். நாளை பிரிவு 52இன்கீழ் அவர் கூண்டேற நேர்ந்தால், அந்தக் காகிதத்தையே பிரதிவாதி தரப்புச் சான்றாவணம் 1 எனக் குறியீடு செய்துகொள்வார். அதில் கையெழுத்துப் போட யார் முன்வருகிறார்கள் என்று பார்த்த பிறகே முன்பணம் கொடுப்பதாக உத்தேசம்.

இப்படிக்கு,
மனுதாரர்