ஆயிரம் ரூபாய் டெபாசிட்

மலையாளத் திரைப்பட இயக்குநர் அடூர் கோபாலகிருஷ்ணன் பொருளாதாரம் படித்தவர். அதுவும் நம் திண்டுக்கல் பக்கத்துக் காந்திகிராமத்தில். பொருளாதாரம், அரசியல், பொது நிர்வாகம் மூன்றும் படித்து 1961-ல் பட்டம் பெற்றார்; கிடைத்த அரசு வேலையை விட்டுவிட்டு மறு வருஷமே புனே திரைப்படக் கல்லூரிக்குப் போனார். 1965-ல் நண்பர்களோடு திருவனந்தபுரத்தில் சித்ரலேகா ஃபிலிம் சொசைட்டியைத் தொடங்கினார்.

அவருடைய முதல் முழுநீளப் படம் ‘சுயம்வரம்’ 1972-ல் வந்தது. மொத்தச் செலவு இரண்டரை லட்சம். அதில் ஒன்றரை லட்சம், மத்திய அரசின் ஃபிலிம் ஃபைனான்ஸ் கார்ப்பரேஷன் கொடுத்த கடன். மீதி, ஆவணப்படங்கள் எடுத்து அந்த நண்பர்களின் சித்ரலேகா கூட்டுறவுச் சங்கம் சேர்த்த காசு.

அப்போது நான் திருவனந்தபுரம் சாலைக் கடைத்தெருவிலிருந்து கல்லூரிக்குப் போய்ப் பொருளாதாரம் படித்துக்கொண்டிருந்தேன். பரிமாற்றக் கருவி, மதிப்பின் அளவுகோல், சேமிப்புக்கான வழி என்று பணத்தின் வேலைகளை நெட்டுருப் போட்டோம். பணம் என்ன செய்யும் என்பதை அந்தப் படத்தில்தான் கண்டேன். வீட்டை விட்டு வந்து புது ஊரில் குடியேறுகிறார்கள் விஸ்வமும் சீதாவும். சீதாவுக்குக் கடையில் விற்பனைப் பெண் வேலை கிடைக்கிறது. சேர வேண்டுமென்றால் ஆயிரம் ரூபாய் டெபாசிட் கட்ட வேண்டும். ஆயிரம் இல்லை, வேலையும் இல்லை. விஸ்வத்துக்கு மரமில்லில் கணக்கர் வேலை கிடைக்கிறது, இன்னொருவனை நீக்கிய இடத்தில். வேலை போனவனின் முகத்தை விஸ்வம் பார்க்க வேண்டியிருக்கிறது. எங்கள் பாடப்புத்தகத்தின் எந்த வரைபடத்திலும் அந்த முகம் இல்லை.

இன்று பணத்தைப் பற்றிச் சொல்லித்தரச் செல்பேசி நிறைய ஆளிருக்கிறது. எஸ்.ஐ.பி., பங்கு, நகைக்கடன் என்று ஒரு நிமிஷத்தில் விளக்குகிறார்கள். கையில் இருக்கும் பணம் எப்படிப் பெருகும் என்பதே பேச்சு. முதல் ஆயிரம் இல்லாதவளுக்கு அதில் இடமே இல்லை.

அந்த முதல் ஆயிரத்தைக் கொடுக்கத்தான் பொதுப்பணம் இருக்கிறது. கேரள அரசின் திரைப்பட வளர்ச்சிக் கழகம் பெண் இயக்குநர்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடி இயக்குநர்களுக்கும் ஒன்றரைக் கோடி ரூபாய் வரை ஒதுக்கிப் படம் தயாரிக்கிறது. தாரா ராமானுஜனின் ‘நிஷித்தோ’, ஸ்ருதி சரண்யத்தின் ‘பி 32 முதல் 44 வரை’ இரண்டும் அப்படி வந்தவை. 2025 ஆகஸ்டில் திருவனந்தபுரத்தில் நடந்த திரைப்படக் கொள்கை மாநாட்டில் அடூர், ஒன்றரைக் கோடி அதிகம், அதை மூவருக்கு ஐம்பது ஐம்பது லட்சமாகப் பிரித்துக் கொடுக்கலாம், மூன்று மாதப் பயிற்சியும் வேண்டும் என்றார். அரங்கிலேயே எதிர்ப்பு எழுந்தது.

பொதுப்பணத்துக்குக் கணக்கு வேண்டும் என்ற அவருடைய கவலை நியாயமானது. பயிற்சியின் அருமையும் புனேயில் படித்தவருக்குத் தெரியும். ஆனால் அன்றைய ஒன்றரை லட்சத்தை மூன்றாகப் பிரித்து ஐம்பதாயிரம் மட்டும் கொடுத்திருந்தால் ‘சுயம்வரம்’ முடிந்திருக்குமா? முழுநீளப் படம் ஒன்றுகூட எடுத்திராத இளைஞரை நம்பித்தான் அரசு, செலவில் பாதிக்கு மேல் கொடுத்தது. முதலில் படம் ஓடவில்லை. சிறந்த படம், சிறந்த இயக்குநர் உள்ளிட்ட தேசிய விருதுகள் வந்தபின் மறுபடி திரையிட்டார்கள், கடன் அடைந்தது.

அந்த நம்பிக்கையின் பலனை மலையாள சினிமா அரை நூற்றாண்டாக அனுபவிக்கிறது. இன்று வரிசையில் நிற்பவர்களுக்கும் அதே அளவு நம்பிக்கை வேண்டும். செலவுக்குக் கணக்கு கேளுங்கள், பயிற்சி கொடுங்கள். தொகையில் மட்டும் கை வைக்காதீர்கள்.