நேரம் தவறாத படம்

கேள்வி: பிறர் எடுத்த படங்களை வெட்டி ஒட்டி 24 மணி நேரம் ஓடவிட்டவருக்கு வெனிஸ் பினாலே கலைக் கண்காட்சியில் தங்கச் சிங்கம் விருதாமே! கத்தரிக்கோல் வைத்திருப்பவரெல்லாம் கலைஞரா?

பதில்: கத்தரிக்கோல் தணிக்கையாளரிடமும் உண்டு, வேறுபாடு வெட்டுவதில் அல்ல, பொருத்துவதில்தான் உள்ளது. 1970களின் இறுதியிலேயே இசைத்தட்டுச் சுழலியை இசைக்கருவியாக்கிய கிறிஸ்டியன் மார்க்ளே, 2010இல் வெளியிட்ட 'தி கிளாக்' என்னும் படைப்பில், கடிகாரம் தென்படுகிற அல்லது நேரம் உச்சரிக்கப்படுகிற ஆயிரக்கணக்கான திரைப்படத் துணுக்குகளை ஒரு நாளின் வரிசைப்படி கோத்து, அரங்கு இருக்கும் ஊரின் உண்மையான நேரத்தோடு இசைந்து ஓடுமாறு அமைத்தார். ஒரு காட்சியின் ஒலி அடுத்த காட்சிக்குள்ளும் கசிந்து தொடர்வதால், தொடர்பற்ற படங்கள் ஒரே கதைபோல் மயக்குகின்றன. சோஃபாக்கள் இடப்பட்ட இருண்ட கூடமும் படைப்பின் பகுதியாவதால், இடத்தையே கலைப்பொருளாக்கும் 'நிறுவல் கலை' என்னும் வகையில் இது அடங்குகிறது. உதவியாளர்களோடு ஏறத்தாழ மூன்றாண்டுகள் தேடித் தொகுத்த இப்படைப்புக்கே 2011இல் அவ்விருது கிடைத்தது. 'நேரம் போனதே தெரியவில்லை' என்று எவரும் பாராட்ட முடியாத படம் ஒன்று உண்டெனில், அது இதுவே!