மாண்புமிகு ஓநாய்

தாமஸ் ரஃபின் ரொம்ப இளகிய மனசுக்காரர். நானாகச் சொல்லவில்லை, அவரே தன் தீர்ப்பில் எழுதி வைத்திருக்கிறார். இதுபோன்ற வழக்கு வந்தால் எந்த நீதிபதிக்கும் மனசு வலிக்குமாம். மனிதனின் உணர்ச்சி ஒரு பக்கம், நீதிபதியின் கடமை மறுபக்கம் என்று உள்ளே பெரிய போராட்டமே நடந்ததாம். கடைசியில் கடமை ஜெயித்துவிட்டது. பாவம், என்ன செய்வார்!

போராட வைத்த வழக்கு இதுதான். 1829இல், அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில், ஜான் மான் என்ற ஆள் லிடியா என்ற அடிமைப் பெண்ணை ஒரு வருடத்துக்கு வாடகைக்கு எடுத்திருந்தான். ஆமாம், வாடகைக்குத்தான். உரிமையாளர் எலிசபெத் ஜோன்ஸ் என்று வேறொருவர். ஏதோ சின்னத் தப்புக்காக மான் அவளை அடிக்க ஆரம்பித்தான். அவள் ஓடினாள். நில் என்று கத்தினான், நிற்கவில்லை. துப்பாக்கியால் சுட்டான். முதுகைக் காட்டி ஓடிக்கொண்டிருந்தவளைச் சுட்டான். காயத்தோடு உயிர் தப்பினாள்.

இதில் ஒரு விசேஷம். உள்ளூர் ஜூரிகள் அத்தனை பேரும் வெள்ளைக்காரர்கள். அடிமை முறையை இயற்கை என்றே நம்பிய ஊர் அது. அவர்களுக்கே இது அநியாயமாகப் பட்டது. மான் குற்றவாளி என்றார்கள். அபராதம் ஐந்து டாலர்! ஒரு பெண்ணைச் சுட்டதற்கு ஐந்து டாலர். அதையும் பொறுக்க முடியாமல் மான் மேல்முறையீட்டுக்குப் போனான். அங்கே, அந்த வருடம்தான் மாநில உச்ச நீதிமன்றத்துக்கு வந்திருந்த நம் இளகிய மனசுக்காரர் காத்திருந்தார்.

ஐந்து டாலரும் தப்பு என்றார் ரஃபின். அடிமை வாழ்வதே எஜமானின் லாபத்துக்காக. அவன் முழுமையாகப் பணிய வேண்டுமானால் எஜமானின் அதிகாரத்துக்கு எல்லையே இருக்கக் கூடாது. எஜமானுக்கு மேலே முறையிட இடமுண்டு என்ற நினைப்பே அடிமைக்கு வரக் கூடாது. வாடகைக்கு எடுத்தவனும் அந்தக் காலம் வரைக்கும் எஜமான்தான். ஆகவே மான் நிரபராதி. தீர்ப்பின் வரைவுப் பிரதிகள் இன்றும் இருக்கின்றன; திரும்பத் திரும்ப எழுதியிருக்கிறார். எவ்வளவு அக்கறை பாருங்கள்! ஒரு பெண்ணைச் சுடும் உரிமைக்கு நல்ல நடை வேண்டாமா?

இந்த நடையில் மயங்கியவர்கள் சாதாரண ஆட்கள் இல்லை. அடிமை முறையைக் கிழித்தெறிந்து எழுதிய ஹேரியட் பீச்சர் ஸ்டோவே இந்தத் தீர்ப்பைப் படித்துவிட்டு, முறை கொடூரமானது, மனிதர் மதிக்கத் தக்கவர் என்று 1853இல் எழுதினார். ஆடு நனைகிறதே என்று ஓநாய் அழ, ஆட்டுக்காக வாதாட வந்தவரும் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

மதிக்கத் தக்க அந்த மனிதரின் வாழ்க்கைக் குறிப்பு: 1787இல் வர்ஜீனியாவில் பிறப்பு. பிரின்ஸ்டன் படிப்பு. வக்கீல், மாநிலச் சட்டமன்ற உறுப்பினர், 1816இல் அதன் சபாநாயகர், நீதிபதி, இடையில் கொஞ்ச காலம் வங்கித் தலைவர், கடைசியில் தலைமை நீதிபதி. கூடவே தோட்ட முதலாளி. நூறு பேருக்கு மேல் அடிமையாக வைத்திருந்தவர். குறிப்பில் விட்டுப்போகிற இன்னொரு தொழிலும் உண்டு. 1821இல் பெஞ்சமின் சேம்பர்ஸ் என்பவரோடு கூட்டுச் சேர்ந்தார். என்ன வியாபாரம்? அடிமைகளை வாங்கி விற்கும் வியாபாரம். முதல் போட்டது ரஃபின், அலைந்தது கூட்டாளி. மனிதனை விற்று லாபக் கணக்குப் பார்த்த கைதான், எட்டு வருடம் கழித்து மனிதனின் உணர்ச்சியைப் பற்றி உருகி உருகி எழுதியது. அவருக்குள் போராட்டமாம்! கல்லாப்பெட்டிக்கும் கடமைக்கும் என்ன சண்டை? இரண்டும் ஒரே பக்கம்தானே நின்றன!

சட்டம் கையைக் கட்டிப்போட்டது என்று வக்காலத்து வாங்குகிறவர்கள் உண்டு. எந்தச் சட்டம்? மானை விடுவிக்கச் சொல்லி ஒரு சட்டமும் அவரை நெருக்கவில்லை. கீழே தண்டித்த நீதிமன்றமும் அதே மாநிலத்துச் சட்டத்தின்படிதான் தண்டித்தது.

நியாயமாக ஒன்றைச் சொல்ல வேண்டும். 1839இல், மைரா என்ற கர்ப்பிணி அடிமைப் பெண்ணை மாதக் கணக்கில் சித்திரவதை செய்து கொன்ற ஹூவர் என்ற எஜமானின் மரண தண்டனையை ரஃபின் உறுதி செய்தார். கொன்றுவிட்டால் கூப்பிடுவார்கள், உயிரை மட்டும் விட்டுவைத்தால் நீதிமன்றம் எட்டிப் பார்க்காது. எஜமான்களுக்கு இதைவிடத் தெளிவாக யார் வழிகாட்ட முடியும்?

1870இல் செத்துப்போனார். 1915இல் ராலே நகரில் சிலை வைத்தார்கள். சட்ட அறிஞர் ராஸ்கோ பவுண்ட் அமெரிக்காவின் தலைசிறந்த பத்து நீதிபதிகளில் ஒருவராக இவரையும் சேர்த்தார். சிலை 2020 ஜூலையில்தான் அகற்றப்பட்டது. அதுவும், மே மாதம் ஜார்ஜ் ஃபிளாயிட் கழுத்தில் ஒரு போலீஸ்காரர் முழங்காலை வைத்து அழுத்திக் கொன்று, நாடே தெருவுக்கு வந்த பிறகு.

மாநில உச்ச நீதிமன்றத்தில் இருந்த ரஃபினின் பிரம்மாண்டமான ஓவியம் அப்போதும் இறங்கவில்லை. 2019இல் அந்த நீதிமன்றத்துக்கு முதன்முறையாக ஒரு கறுப்பினப் பெண், ஷெரி பீஸ்லி, தலைமை நீதிபதியானார். அவர் வழக்குகளைக் கேட்டது ரஃபினின் படத்துக்குக் கீழே உட்கார்ந்துதான். அதை எடுக்க 2020 டிசம்பர் வரை ஆயிற்று. ஆராய்ந்து முடிவு சொல்ல ஒரு குழு தேவைப்பட்டது.