புலனாய்வை இடம் மாற்றும் முறை: விளக்கமும் வேண்டுகோளும்

பெறுநர்: ஆணையர், மும்பை மாநகரக் காவல்துறை.
அனுப்புநர்: தாராவி, மாட்டுங்கா, செம்பூர் வட்டாரப் புகார்தாரர்கள்.
பொருள்: மும்பைப் போலீசிடமிருந்து வழக்கை வேறு அமைப்புக்கு மாற்றக் கோருவதற்கான தகுதிகள்.

ஐயா,

மும்பைப் போலீஸ் விசாரிக்கும் வழக்கு சிபிஐக்குப் போக இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, மாநில அரசின் சம்மதம். 1946ஆம் ஆண்டின் டெல்லி சிறப்புக் காவல் அமைப்புச் சட்டத்தின் 6ஆம் பிரிவு அதைக் கேட்கிறது. மற்றொன்று, நீதிமன்ற உத்தரவு. உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் மாநிலத்தைக் கேட்காமலே உத்தரவிடலாம் என்று 2010 பிப்ரவரி 17 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. அரிதாக, மிகுந்த எச்சரிக்கையோடு என்று கடிவாளமும் போட்டது. அரசின் உயரதிகாரிகள் சிக்கியிருந்தாலோ, விசாரிக்கும் அமைப்பின் மேலிடத்தின் மீதே புகார் இருந்தாலோ மாற்றலாம் என்று 2013இல், தமிழ்நாட்டிலிருந்து வந்த கே.வி. ராஜேந்திரன் வழக்கில், உச்ச நீதிமன்றம் விளக்கியது. விளக்கிவிட்டு அந்த மனுவைத் தள்ளுபடி செய்தது.

விண்ணப்பதாரர்கள் பல தரத்தினர்.

முதல் தரத்தார் கேட்காமலே பெறுபவர்கள். செம்பூர் திலக் நகரிலிருந்து கிளம்பிய நிழலுலக தாதா சோட்டா ராஜன் 2015இல் பாலியில் பிடிபட்டு நாடு திரும்பினார். அவர் மீதான வழக்குகளை மாநில அரசே சிபிஐயிடம் தூக்கிக் கொடுத்தது.

இரண்டாம் தரத்தார் புகழ் பெற்றவர்கள். நடிகர் சுஷாந்த் சிங் ராஜ்புத் மரணம் 2020 ஆகஸ்ட் 19 அன்று உச்ச நீதிமன்ற ஒப்புதலோடு சிபிஐயிடம் போனது. மும்பைப் போலீசே போதும் என்பது மாநில அரசின் வாதம். இரண்டே மாதத்தில், அக்டோபர் 21 அன்று, சிபிஐக்குத் தந்திருந்த பொதுச் சம்மதத்தையும் அரசு திரும்பப் பெற்றது. சிபிஐ நாலரை ஆண்டு விசாரித்து, 2025 மார்ச்சில் வழக்கை முடித்துவைக்கும் அறிக்கை கொடுத்தது.

மூன்றாம் தரத்தார் குற்றம்சாட்டப்பட்டவர்கள். எந்த அமைப்பு தன்னை விசாரிக்க வேண்டும் என்று தேர்ந்தெடுக்கும் உரிமை இவர்களுக்கு இல்லை என்று தொலைக்காட்சி ஆசிரியர் அர்ணாப் கோஸ்வாமி வழக்கில் 2020 மே 19 அன்று உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது.

நான்காம் தரத்தில் இதுவரை ஒருவரே இருக்கிறார். சுஷாந்த் வழக்கு கைமாறியபோது மும்பைப் போலீசின் ஆணையராக இருந்தவர் பரம்பீர் சிங். 2021 மார்ச்சில் அவர் அந்த நாற்காலியிலிருந்து மாற்றப்பட்டார். மாதம் 100 கோடி ரூபாய் வசூலிக்கச் சொன்னதாக உள்துறை அமைச்சர் அனில் தேஷ்முக் மீது முதலமைச்சருக்குக் கடிதம் எழுதினார். ஏப்ரல் 5 அன்று பம்பாய் உயர் நீதிமன்றம் அந்தப் புகாரில் சிபிஐயின் பூர்வாங்க விசாரணைக்கு உத்தரவிட, அமைச்சர் அன்றே ராஜினாமா செய்தார். பிறகு பரம்பீர் சிங் மீதே வழக்குகள் பாய்ந்தன. அவற்றை வெளி அமைப்பிடம் ஒப்படைக்கக் கேட்டார். முப்பது ஆண்டு சேவை செய்த போலீசையே நம்பவில்லை என்கிறாரே என்று அந்த ஆண்டு ஜூனில் உச்ச நீதிமன்ற அமர்வு வியந்தது. 2022 மார்ச் 24 அன்று அதே நீதிமன்றத்தின் வேறு அமர்வு வழக்குகளைச் சிபிஐக்கு மாற்றியது. மூன்றாம் தரத்தாருக்கான விதி இங்கே வழிவிட்டு நின்றது.

ஐந்தாம் தரத்தார் இக்கடிதத்தின் அனுப்புநர்கள். எஃப்.ஐ.ஆர். கேட்டு ஸ்டேஷனுக்குப் போனால் என்.சி. (போலீஸ் தானாக விசாரிக்க இயலாத குற்றம் என்ற பதிவு) நகல் கிடைக்கும். அடுத்த படி, துணை ஆணையருக்கு எழுத்தில் புகார். அதற்கும் அடுத்தது, பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (பி.என்.எஸ்.எஸ்.) 175(3)இன் கீழ் மாஜிஸ்திரேட்டிடம் மனு. இந்தப் படிகளைத் தாண்டி நேரே உயர் நீதிமன்றத்துக்கு ஓடக் கூடாது என்று உச்ச நீதிமன்றத்தின் 2007ஆம் ஆண்டு சகீரி வாசு தீர்ப்பு அறிவுறுத்துகிறது. போலீஸ் மீது நம்பிக்கை வைப்பது இவர்களுக்கு மட்டும் கட்டாயப் பாடம். சாமானியக் குடும்பம் வென்றதும் உண்டு: வடாலா ரயில்வே போலீஸ் பிடித்துச் சென்ற இளைஞர் 2014 ஏப்ரலில் இறந்தார், உயர் நீதிமன்றம் அந்த வழக்கைச் சிபிஐயிடம் கொடுத்தது. அந்தத் தகுதியைப் பெற வீட்டில் ஒரு பிள்ளையை இழக்க வேண்டும்.

ஆகவே வேண்டுகோள் ஒன்றே. முன்னாள் ஆணையர் என்பது நிரூபிக்கப்பட்ட தகுதியாக இருப்பதால், புகார் கொடுக்க வரும் ஒவ்வொருவரையும் ஒரு நாள் மட்டும் கௌரவ ஆணையராக நியமித்து, மறுநாள் காலை மாற்றல் உத்தரவு வழங்க ஆவன செய்ய வேண்டும். சம்பளம், வண்டி, சல்யூட் எதுவும் கோரப்படவில்லை.