காலை நம்பினோர் கைவிடப்படார்!

கேள்வி: ஜனவரியில் அமெரிக்காவின் கொலராடோ போகிறோம். யூரே என்ற ஊரில் ஐஸ் சுவர் ஏறலாம் என்கிறான் மகன். எனக்கு 52 வயது, இதுவே முதல்முறை. துணியலாமா?

பதில்: தாராளமாக! பழகுவதற்கென்றே அமைந்தாற்போன்ற இடம் அது. மலையிடுக்கில் குழாய் போட்டு, இரவில் பாறைமேல் தண்ணீரை வழியவிட்டு, ஐஸ் சுவரைப் பயிர்போல வளர்க்கிறார்கள். நீர்மின் நிலையக் குழாய் ஒழுகி உறைந்ததைப் பார்த்துப் பிறந்த யோசனை. ஒழுகிய குழாயிலும் விளையாட்டைக் கண்டவர்களுக்கு ஒரு கும்பிடு!

புதியவர்கள் ஐஸ் கோடரியை இறுகப் பிடித்து, கையாலேயே உடம்பை இழுக்கப் பார்ப்பார்கள். சற்று நேரத்தில் முன்கை மரத்துவிடும். ஏற வேண்டியது கால். பூட்ஸில் மாட்டிய கிராம்பான் என்ற பல்சட்டத்தின் முன்பற்களை உதைத்துப் பதித்து, குதிகாலைத் தாழ்த்தி நில்லுங்கள். குதிகால் தூக்கினால் பல் கழன்றுவிடும். கோடரியைப் புடைப்பில் அடித்தால் ஐஸ் தட்டுத் தட்டாகப் பெயர்ந்து முகத்துக்கு வரும், குழிவில் அடியுங்கள். 'தக்'கென்று கனத்த சத்தம் கேட்டால் நன்றாக இறங்கியிருக்கிறது.

குளிரில் விறைத்த விரல்களில் ரத்தம் திரும்பும்போது உயிர்போகிற வலி, சில நிமிடம்தான். மாற்றுக் கையுறை கட்டாயம். ஊர் சுமார் 7,800 அடி உயரம், உடம்பு பழக ஒரு நாள் முன்னதாகவே போய்விடுங்கள். கீழே கயிறு பிடிப்பது பயிற்சி பெற்ற வழிகாட்டியாக இருக்கட்டும். மகன் போட்டோ எடுக்கட்டும்!