சூடான காபிக்கு ஒரு கிராமி

கேள்வி: ரெகே என்றால் பாப் மார்லியோடு முடிந்ததா? இளசுகள் யாரும் இல்லையா?

பதில்: முடிவதாவது! 'காஃபி'யைக் கேட்டுப் பாருங்கள். ஜமைக்காவின் ஸ்பானிஷ் டவுனில் 2000இல் பிறந்த மிக்கேலா சிம்சன்தான் அவர். பள்ளி நாளில், கொளுத்தும் வெயிலில் தோழிகள் சோடா குடிக்க, இவர் மட்டும் சூடான காபி குடித்தாராம். பெயர் ஒட்டிக்கொண்டது.

தேவாலயப் பாடகர் குழுதான் முதல் மேடை. பன்னிரண்டு வயதில் தோழியிடம் கிட்டார் இரவல் வாங்கித் தானே கற்றுக்கொண்டார். 2017இல் ஓட்டப்பந்தய வீரர் உசைன் போல்ட்டைப் போற்றி ஒரு பாட்டுக் கட்டி, கிட்டாரோடு பாடி இன்ஸ்டாகிராமில் போட்டார். போல்ட்டே அதைப் பகிர்ந்துவிட்டார். அப்புறம் ஓட்டம்தான்!

அடுத்த ஆண்டு வந்த 'டோஸ்ட்' பாட்டு உலகம் சுற்றியது. காபியும் டோஸ்ட்டும் என்றதும் நமக்குச் சிற்றுண்டி நினைவு வரும். ஜமைக்காவிலோ தாளத்தின் மேல் பேச்சும் பாட்டுமாக அடுக்குவதையே 'டோஸ்ட்டிங்' என்பார்கள். பிறகு அமெரிக்க ராப்புக்கு ஊற்றாக அமைந்த கலைகளில் அது முக்கியமானது. அந்த வேகத்தையும் மெலிந்த இனிய குரலையும் ஒரே மூச்சில் கலக்கிறார் காஃபி. வன்முறையால் துன்பப்பட்ட ஊரிலிருந்து வந்த பெண், வாயைத் திறந்தால் நன்றி சொல்கிறார். எனக்கு அவரை அதற்காகவே பிடிக்கும்.

ஐந்தே பாட்டு கொண்ட 'ராப்ச்சர்' தொகுப்புக்கு 2020 ஜனவரியில் கிராமி கிடைத்தது. போட்டியில் ஸ்டீல் பல்ஸ், ஜூலியன் மார்லி போன்ற மூத்தவர்கள். சிறந்த ரெகே ஆல்பம் விருதைத் தனித்து வென்ற முதல் பெண் இவரே. அப்போது வயது 19. 2022இல் வந்த 'கிஃப்டட்' முழு ஆல்பம். இன்றிரவே கேளுங்கள், ஹெட்போனில். அந்த பேஸ் கிட்டார் நெஞ்சுக்குள் அதிர வேண்டும்.